லவெண்டர் மணத்த கையுறைகள்

இந்த வருடம் இரண்டு பேர் ஓய்வு பெற்றோம். அவனுக்கு முப்பத்தைந்து வயது, எனக்கு அறுபத்தைந்து. அவனுடைய பிரியாவிடையை அமெரிக்கா முழுவதும் ரீவியில் காட்டினார்கள். அதற்கு மூன்று வாரம் முன்பு நடந்த என்னுடைய பிரியாவிடைக்கு, துணி மடிக்கிற மேசையைத் துடைத்து அதில் ஒரு கேக் வைத்தார்கள். நான் கத்தியை எடுப்பதற்குள் எங்கள் அணியின் முன்வரிசைத் தடியன்கள் நாலு பேர் பாதியை முடித்துவிட்டார்கள். பதின்மூன்று வருடம் அவர்களுடைய காலுறைகளைத் துவைத்தவன் என்ற முறையில் நான் ஒன்றும் சொல்லவில்லை.

அவனை மார்லோ என்று மட்டும் எழுதுகிறேன். முழுப் பெயரையும் எழுதினால் அவனுடைய வக்கீல்மார் என்னைத் தேடி அமெரிக்க எல்லையைத் தாண்டி, வடக்கே நான் இருக்கிற அஜக்ஸ் வரைக்கும் வரவேண்டியிருக்கும். 401 நெடுஞ்சாலை நெரிசலில் அவர்களை நிற்க வைக்கிற அளவுக்கு எனக்கு அவர்கள் மீது கோபம் இல்லை.

அமெரிக்கன் ஃபுட்போல் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. இது காலால் உதைத்து விளையாடுகிற பந்து அல்ல. இரண்டு நுனியும் கூரான பந்து, பெரும்பாலும் கையால் எறிவது. ஓரத்தில் நின்று, குதிரை மாதிரி ஓடி, ஐம்பது அறுபது அடிக்கு அப்பாலிருந்து வருகிற பந்தைப் பிடிப்பவனுக்குத்தான் வைட் ரிசீவர் என்று பெயர். மற்றவர்களுக்கு உடம்பு முழுவதும் வேலை. இவனுக்குக் கால் இரண்டும் கை இரண்டும். அதிலும் கால் வேகமாக இருந்து கை சரியில்லாவிட்டால், வேகமாக வீட்டுக்குப் போகலாம்.

மார்லோவின் கையைப் பற்றி அங்கே புத்தகமே எழுதுவார்கள் போலிருக்கிறது. விடைபெறும் கூட்டத்தில் ஒரு நிருபர் எழுந்து, இவ்வளவு காலமும் பந்து உங்கள் கையில் ஒட்டிக்கொண்டதன் இரகசியம் என்ன என்று கேட்டார். மார்லோ நாடியைச் சொறிந்தான். சிரித்தான். "லவெண்டர்" என்று ஒரே ஒரு சொல் சொல்லிவிட்டுத் தண்ணீர்ப் போத்தலை எடுத்துக் குடித்தான்.

மண்டபம் முழுவதும் சிரித்தது. ஒருவருக்கும் விளங்கவில்லை. இரண்டு நாட்களாக விளையாட்டுச் செய்திக்காரர்கள் அந்தச் சொல்லைப் போட்டு மென்றார்கள். ஒருவர் அது ஒரு பெண்ணின் பெயர் என்றார். இன்னொருவர் அது மூச்சுப் பயிற்சியில் ஒரு வகை என்றார்.

மூன்றாம் நாள் அபி எனக்குப் போன் எடுத்தாள். அபி நான் வேலை செய்த அறையில் இப்போது வேலை செய்கிறவள். இங்கேயே பிறந்த பிள்ளை.

"அங்கிள், ஓகே, லிசன். நீங்க கொண்டுபோன அந்தப் பழைய போத்தல். அதில பேர்ப்பிள் பூப் படம் இருந்ததுதானே?"

"இருந்தது."

"அது லவெண்டர்தானே?"

நான் பேசாமல் இருந்தேன்.

"அங்கிள்! நீங்க பேசாமல் இருந்தால் ஏதோ இருக்கெண்டு அர்த்தம். யூ நெவர் ஸ்டொப் டோக்கிங்!"

பிள்ளை சொன்னது சரி. ஆகவே பேசுகிறேன்.

நான் இந்த நாட்டுக்கு வந்து முதலில் கோப்பை கழுவினேன், பிறகு நகரத்து ஹோட்டல் ஒன்றின் நிலக்கீழ் லோண்ட்ரியில் இருபது வருடம் துவாய் துவைத்தேன். இருபது வருடத்தையும் இந்த ஒரு வசனத்தில் முடித்துவிடலாம். ஏனென்றால் ஒரு துவாய்க்கும் அடுத்த துவாய்க்கும் பெரிய வித்தியாசம் இல்லை. எங்களுக்கு இருந்த ஒரே பெருமை மென்மை. விருந்தாளி முகத்தில் ஒற்றும்போது பஞ்சு மாதிரி இருக்க வேண்டும், நல்ல மணமும் வேண்டும். அதற்கென்று கடைசி அலசலில் ஊற்றுகிற திரவத்தைத்தான் வீட்டில் எல்லாரும் ஸொஃப்ற்னர் என்பார்கள். நான் அதை ஊற்றுகிற அளவைப் பார்த்து என் மேற்பார்வையாளர், "பரம், நீர் துவைக்கேல்லை, அர்ச்சனை செய்யிறீர்" என்று ஒருநாள் சொன்னார். அதை நாட்காட்டித் தாளின் பின்புறத்தில் எழுதி வைத்தேன். மனிதர்கள் போகிறபோக்கில் சொல்கிறவற்றை எழுதி வைப்பது எனக்குப் பழக்கம். ஒரு சப்பாத்துப் பெட்டி நிறைய இருக்கிறது.

ஹோட்டல் அந்த லோண்ட்ரியை மூடியபோது எனக்கு ஐம்பத்திரண்டு. அந்த வயதில் வேலை தேடுகிறவனைப் பார்த்து எல்லாரும் மிக மரியாதையாகத் தலையாட்டுவார்கள், அவ்வளவுதான். யாரோ சொல்லித்தான் ஃபுட்போல் அணிக்காரர்களிடம் போனேன். தலைக்கவசம், தோள்கவசம், சப்பாத்து, உடுப்பு எல்லாம் இருக்கிற அந்தப் பெரிய அறைக்கு ரஸ் என்பவர் பொறுப்பு. என்னை உட்காரச் சொல்லாமல் ஒரு வெள்ளைக் காற்சட்டையைத் தூக்கிப் போட்டார். முழங்காலில் பச்சையும் மண்ணிறமும்.

"இதை எப்பிடி எடுப்பாய்?"

"முதலில சொல்லுங்கோ, இது உண்மையான புல்லோ, கார்ப்பெட் புல்லோ?"

ரஸ் காற்சட்டையைத் திருப்பி எடுத்துக்கொண்டார்.

"திங்கட்கிழமை வா" என்றார்.

இங்கே ஒன்று சொல்லிவிட வேண்டும். ரஸ் நியூஃபவுண்ட்லாந்துக்காரர், மார்லோ அமெரிக்காவின் தெற்கு மூலையிலிருந்து வந்தவன். இருவருடைய ஆங்கிலமும் எனக்குப் பாதிதான் பிடிபடும். மீதியை நான் யாழ்ப்பாணத் தமிழால் நிரப்பிக்கொள்வேன். ஆகவே இந்தக் கட்டுரையில் அவர்கள் எங்கள் ஆட்களைப் போலத்தான் கதைப்பார்கள். என் காதில் அப்படித்தான் விழுந்தது.

ரஸ் ஒல்லியான சிறிய மனிதர். நான் அவரோடு வேலை செய்த ஒன்பது வருடத்தில் ஒருமுறையும் குரலை உயர்த்தவில்லை. இடுப்புப் பட்டியில் வெள்ளை ரேப் சுருள் ஒன்று எப்போதும் தொங்கும். விளையாட்டுக்காரர் கணுக்காலில் சுற்றுகிற ஒட்டுநாடாவைத்தான் ரேப் என்போம். காலையில் வந்ததும் அன்றைய வேலைகளைத் துண்டு துண்டாக அதில் எழுதி, தன் இடது தொடையில் ஒட்டிக்கொள்வார். ஒரு வேலை முடிந்தால் ஒரு துண்டைக் கழற்றுவார். வீட்டுக்குப் போகும்போது தொடை சுத்தமாக இருக்க வேண்டும். யாரோடாவது மனவருத்தம் என்றால் அவனுடைய பெயரை எழுதி வலது சட்டைக் கையில் ஒட்டிக்கொள்வார். ஏச்சு இல்லை, பேச்சு இல்லை. அவர் தேநீர் குடிக்கக் கையைத் தூக்குகிற ஒவ்வொரு முறையும் உன் பெயர் உன் முகத்துக்கு நேரே வரும். அதைவிட அவர் இரண்டு அறை தந்திருக்கலாம்.

நான் ஒருமுறை, "அந்தக் காலுறையெல்லாம் துவைச்சாச்செண்டு நினைக்கிறன்" என்றேன்.

"நினைக்கிறதுக்கு மேல்மாடியில ஆக்கள் இருக்கினம். நீ பாத்துப்போட்டுச் சொல்லு."

அதுவும் சப்பாத்துப் பெட்டியில் இருக்கிறது.

பயிற்சி முகாம் காலத்தில் தொடையில் இன்னொரு வகைத் துண்டும் வரும். ஓர் இலக்கம், பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. அந்த இலக்கக்காரனை அணியிலிருந்து நீக்கக்கூடும் என்று கோச் சொல்லியிருக்கிறார், ஒரு கறுப்புக் குப்பைப் பையைத் தயாராக வை என்று அர்த்தம். தீர்மானமான அன்று காலை ஆறு மணிக்கு அவனுடைய உடுப்பு அலுமாரியில் அந்தப் பையைத் தொங்கவிடுவது எங்கள் வேலை. வேறு கடிதம் கிடையாது. பை தொங்கினால் சாமானை அதில் அள்ளிக்கொண்டு வீட்டுக்கு.

அந்த முதல் முகாமில்தான் மார்லோ வந்தான். இருபத்திரண்டு வயது. பெயர் கேள்விப்படாத ஒரு சின்னக் கல்லூரி. அமெரிக்காவில் இரண்டு அணிகள் கூப்பிட்டுப் பார்த்துவிட்டுத் திருப்பி அனுப்பியிருந்தன. எல்லைக்கு இந்தப் பக்கம், எங்கள் அணிகளில் அமெரிக்கர்களுக்கு என்று ஒதுக்கிய இடங்கள் சில மட்டும்தான். எங்களிடமும் கிடைக்காவிட்டால் அவனுக்கு வேறு கதவு இல்லை. இலக்கம் எண்பத்தேழு. ஒரு தோள்பை, ஒரு சோடிக் கையுறை. கை என்றால் அப்படி ஒரு கை. எங்களிடம் இருந்த கையுறைகளில் ஆகப்பெரியதும் அவனுக்குப் பாதி உள்ளங்கை வரைக்கும்தான் வரும். ஆகவே தான் கொண்டுவந்த அந்த ஒரு சோடியோடுதான் அவன் பிழைக்க வேண்டும்.

ரிசீவரின் கையுறையைச் சாதாரணமாக நினைக்கக்கூடாது. உள்ளங்கைப் பக்கம் பசை மாதிரி ஒட்டுகிற ஒரு பூச்சு இருக்கும். கையுறை போட்ட கையைப் பந்தின் மேல் அழுத்தித் தூக்கினால், விரலை மடக்காமலே பந்து கூட வரும்.

எங்கள் துவைப்பு முறையைச் சொல்கிறேன். ஒவ்வொருவனுக்கும் ஒரு நாடா, நுனியில் கொளுக்கி, அதில் அவனுடைய இலக்கம். பயிற்சி முடிந்ததும் ரீசேர்ட், காற்சட்டை, காலுறை எல்லாவற்றையும் மீன்காரன் கோர்வை கட்டுவது போல அந்த நாடாவில் கோத்து, கொளுக்கியைப் பூட்டி, வண்டிலில் எறிய வேண்டும். கோத்தபடியே துவையும், கோத்தபடியே காயும், கோத்தபடியே அவனவன் அலுமாரிக்குத் திரும்பும். எழுபது பேருடைய காலுறையைச் சோடி சேர்க்க எந்த மனிதனாலும் முடியாது. அதற்குத்தான் இந்த நாடா.

இதையெல்லாம் ரஸ் ஒரு தாளில் விதியாக எழுதிக் கதவில் ஒட்டியிருந்தார். அந்தத் தாளை முழுக்க வாசித்த ஒரே விளையாட்டுக்காரன் மார்லோ. விரலை வைத்து வாசித்துவிட்டு என்னிடம் வந்தான்.

"மிஸ்டர் பி, உடம்பில போட்டதெல்லாம் நாடாவில வரவேணும் எண்டு ஏழாவது விதியில கிடக்கு. கையுறையுமோ சேர்?"

பழைய ரிசீவர்மார் ஒருவரும் தங்கள் கையுறையைத் துவைக்கத் தரமாட்டார்கள், ஆணியில் தொங்கவிட்டுத் தாங்களே துடைத்துக்கொள்வார்கள் என்பது வேலைக்கு வந்து ஆறு கிழமையேயான எனக்குத் தெரியாது. தெரியாது என்று சொல்லியிருக்கலாம். ஆனால் எனக்கு வாய் சும்மா இருக்காதே.

"தம்பி, கை உடம்பிலதானே இருக்கு?" என்றேன்.

"ஓம் சேர்" என்று சிரித்துக்கொண்டு கையுறையையும் கோத்துவிட்டான். நானும் நல்ல பகிடி விட்டேன் என்று அன்று முழுவதும் சந்தோஷமாக இருந்தேன்.

முதல் நாலு நாள் அவன் பிடித்த பிடியைச் சொல்லி முடியாது. தலைக்கு மேல், முழங்காலுக்குக் கீழ், முதுகுப் பக்கம். பந்து எறிகிற குவாட்டர்பேக் என்னிடம் தண்ணீர் வாங்கிக் குடித்துக்கொண்டு, "உவனுக்குப் பந்து எறியிறது தபால்பெட்டிக்குள்ள கடிதம் போடுற மாதிரி" என்றான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஒரு நல்லெண்ணம் வந்தது. பிள்ளைகள் இப்படி அடிபட்டு, மிதிபட்டு விளையாடுகிறார்கள். துவாயும் உடுப்பும் அட்டை மாதிரி விறைத்துக் கிடக்கின்றன. அப்போது நாங்கள் இருந்த வோபர்னில், வீட்டுக்குப் பக்கத்துக் கடையில் லவெண்டர் ஸொஃப்ற்னர் ஆகப்பெரிய போத்தல் ஒன்று வாங்கிக்கொண்டு போய், கடைசி அலசலில், ஹோட்டல் அளவில், ஊற்றினேன்.

திங்கட்கிழமை காலை உடுப்பு மாற்றும் அறை கோயில் திருவிழாக் கடைத்தெரு மாதிரி மணந்தது. முன்னூறு இறாத்தல் நிறையுள்ள ஒருவன் துவாயை முகத்தில் வைத்துக்கொண்டு, "அம்மா வீட்டுக்குப் போன மாதிரி இருக்கு" என்றான். இன்னொருவன், "மணம் நல்லம், ஆனா துடைச்சாலும் ஈரம் அப்பிடியே நிக்குதே" என்றான். அந்தப் பின்பாதியை நான் கவனிக்கவில்லை. புகழ்ச்சியின் முன்பாதியோடு என் காது அடைத்துக்கொண்டது. ரஸ் கண்டுபிடித்திருப்பார், ஆனால் மே மாதத்தில் மரங்கள் பூத்தால் அவருக்கு மூக்கு முழுவதும் அடைத்துவிடும். அப்போதுதான் சுட்ட பாணுக்கும் பழைய சப்பாத்துக்கும் மணம் பிரிக்கத் தெரியாத நிலையில் இருந்தார்.

அன்று மார்லோ பந்தை விட்டான்.

ஒன்று என்றால் யாருக்கும் நடக்கும். அன்றைக்கு ஐந்து. செவ்வாய்க்கிழமை ஏழு. பந்து நேரே வந்து உள்ளங்கையில் விழும், பிறகு சவர்க்காரக் கட்டி மாதிரி வெளியே குதிக்கும். குவாட்டர்பேக் இப்போது வேறு மாதிரிக் கதைத்தான். "தபால்பெட்டியைப் பூட்டிப்போட்டாங்களோ?" என்று மைதானம் முழுவதும் கேட்கக் கத்தினான். மற்றவர்கள் சிரித்தார்கள். மார்லோ சிரிக்கவில்லை. ஒவ்வொரு முறையும் இரண்டு கையையும் விரித்து முன்னும் பின்னும் பார்த்தான்.

புதன்கிழமை மத்தியானம் ரஸ்ஸின் தொடையில் ஒரு புதிய துண்டு: 87? பாவம், நல்ல பிள்ளை, தாளை வாசிக்கிற பிள்ளை என்று நினைத்தேனே தவிர, என் தலையில் வேறொன்றும் ஓடவில்லை.

வியாழக்கிழமை காலை, காய்ந்த கோர்வைகளை எடுத்து வைக்கும்போது அவனுடைய நாடாவிலிருந்து கையுறை கழன்று தனியாகக் கிடந்தது. யாருடையது என்று தெரிய ரேப்பில் இலக்கத்தை எழுதி உள்ளங்கைப் பக்கத்தில் ஒட்டினேன். ரேப் கீழே விழுந்தது. மறுபடி ஒட்டினேன். மறுபடி விழுந்தது.

ரஸ்ஸின் ரேப் மனிதத் தோலில் ஒட்டும், இரும்பில் ஒட்டும், நனைந்த சப்பாத்தில் ஒட்டும். கையுறையில் ஒட்டவில்லை. விரலால் தடவிப் பார்த்தேன். பட்டு மாதிரி இருந்தது. மூக்கில் வைத்தேன். லவெண்டர்.

கையுறையைப் போட்டுக்கொண்டு பக்கத்தில் கிடந்த பந்தில் அழுத்தித் தூக்கினேன். என் கை மட்டும் வந்தது.

துவாய்க் குவியலில் உட்கார்ந்தேன். மனைவிக்குப் போன் எடுத்தேன். மலர் என்பது அவளுடைய பெயர். நடந்ததைச் சொன்னேன்.

"எத்தினை வருசமா உங்களுக்குச் சொல்லுறன்? உங்கட துவாயால துடைச்சால் தண்ணி உடம்பைச் சுத்தி ஊர்வலம் போகுதெண்டு? கேட்டியளே?"

"மலர், இப்ப துவாய்க் கதையே? ஒரு பொடியன்ரை வாழ்க்கை."

"அதைத்தான் சொல்லுறன். வீட்டில எண்டால் நான் பொறுத்துக்கொண்டன். அந்தப் பிள்ளை ஏன் பொறுக்கவேணும்? போய்ச் சொல்லுங்கோ."

"வேலை போயிடும்."

"போனால் வீட்டில இருங்கோ. ஆனா உடுப்புத் துவைக்க விடமாட்டன்."

மார்லோ எல்லாருக்கும் முதல் வருகிறவன். அன்றும் ஏழு மணிக்கு வந்தான். துவைக்கிற அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தி, போத்தலையும் கையுறையையும் மடிப்பு மேசையில் வைத்து, முழுவதையும் சொன்னேன். "கை உடம்பிலதானே இருக்கு" என்ற பகிடி முதற்கொண்டு.

அவன் கையுறையை எடுத்து மணந்தான். பந்தில் அழுத்திப் பார்த்தான். நிலத்தில் உட்கார்ந்துவிட்டான். அவன் என்னை அடித்தால் எந்தப் பக்கம் விழுவது நல்லது என்று நான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

"மிஸ்டர் பி, மூண்டு நாளா நான் என்ரை கையைத்தான் பாத்துக்கொண்டிருந்தன்" என்றான். "நேற்று அம்மாவுக்குப் போன் எடுத்து, கட்டிலை ஒழிச்சு வையுங்கோ, வாறன் எண்டு சொல்லிப்போட்டன்."

"கோச்சிட்டை நான் இப்பவே போய்ச் சொல்லுறன், தம்பி."

"வேண்டாம் சேர்." எழுந்து நின்றான். "சவர்க்காரத்தாலதான் பந்தை விட்டனான் எண்டு காரணம் சொன்னவனை எந்த அணியும் திரும்பிப் பாராது. மூண்டு நாளும் சிரிச்சவங்கள், முப்பது வருசம் சிரிப்பாங்கள். அதோட உங்கட வேலையும் போகும். நான் ஒருத்தருக்கும் சொல்லமாட்டன். நீங்களும் சொல்லாதேங்கோ."

"ரஸ்ஸிட்டை மறைக்க எனக்குத் துணிவில்லை."

அவன் கையுறையை மேசையில் திரும்ப வைத்தான். "ரஸ்ஸுக்கு மட்டும்" என்றான்.

ரஸ் வந்து தேநீரை வைத்ததும் சொன்னேன். கேட்டு முடியும் வரைக்கும் தேநீரைத் தொடவில்லை. பிறகு மூன்று கேள்வி.

"எவ்வளவு ஊத்தினாய்?"

"ஹோட்டல் அளவு."

"வேற ஆரின்ரை கையுறை?"

"ஒருத்தரும் தாறேல்லை. அவன் மட்டும்தான். விதியை வாசிச்சவன்."

"ஆருக்குத் தெரியும்?"

"அவனுக்கு, உங்களுக்கு. என்ரை மனுசிக்கு."

ரேப் சுருளை எடுத்தார். ஒரு துண்டு கிழித்து என் பெயரை எழுதி, வலது சட்டைக் கையில் ஒட்டிக்கொண்டார். பிறகு படியேறி கோச்சின் அறைக்குப் போனார். நான் கீழே நின்று காது கொடுத்தேன். "எண்பத்தேழின்ரை கையுறை எங்கட அறையில பழுதாப் போச்சு. பிழை எங்கட அறையின்ரை. நாளைக்கு அவனை ஒருக்கா விட்டுப் பாருங்கோ." கோச் என்ன பிழை, யார் செய்தது என்று கேட்டார். "எங்கட அறை" என்றார் ரஸ். மறுபடி கேட்டார். மறுபடி "எங்கட அறை." இறங்கி வந்தார்.

"நாளைக்கு ஒரு கால்வாசி ஆட்டம் குடுப்பினம். அவன்ரை கை அளவில புதுக் கையுறை வர நாலு நாள் செல்லும். உனக்கு ஒரு நாள் இருக்கு" என்றார்.

பிழை விட்டது லோண்ட்ரிக்காரன் என்றால் திருத்த வேண்டியதும் லோண்ட்ரிக்காரன்தான். வெந்நீர் கூடாது, பூச்சு உரிந்துவிடும். இளஞ்சூட்டுத் தண்ணீர் ஒரு வாளி, அதில் ஒரு கோப்பை வெள்ளை வினாகிரி. கையுறையை உட்புறம் வெளியே வராமல் பிடித்து, மெல்லிய பல்துலக்கும் தூரிகையால் விரல் விரலாக, நுனியிலிருந்து மணிக்கட்டு நோக்கி, ஒரே திசையில் தேய்க்க வேண்டும். பிழியக்கூடாது, துணியில் ஒற்றி, மின்விசிறிக்கு முன்னால் காய விடவேண்டும். காய்ந்ததும் ரஸ்ஸின் ரேப்பால் சோதனை. முதல் தடவை ரேப் உடனே விழுந்தது. இரண்டாம் தடவை பத்து எண்ணும் வரைக்கும் நின்றது. மூன்றாம் தடவை ஒரு பக்கம் தொங்கியது. இடையில் ரஸ் வந்து பார்த்து, தேநீர்க் கோப்பையை மட்டும் உயர்த்தினார். என் பெயர் முகத்துக்கு நேரே வந்து போனது. ஐந்தாம் தடவை ரேப் நின்றது. பந்தில் அழுத்தித் தூக்கினேன். பந்து அரை அடி வந்து, யோசித்துவிட்டு, விழுந்தது. அதற்கு மேல் என்னால் முடியவில்லை.

வெள்ளிக்கிழமை பின்னேரம் இன்னொரு அணியோடு பயிற்சி ஆட்டம். நான் மைதான ஓரத்தில் துவாய் வண்டிலோடு நின்றேன். இரண்டாவது கால்பகுதியில் எண்பத்தேழை இறக்கினார்கள். முதல் பந்து அவனிடம் வந்தது. கையில் பட்டு ஒருமுறை குதித்தது. என் நெஞ்சும் கூடவே குதித்தது. விழுவதற்குள் வயிற்றோடு சேர்த்துப் பிடித்துவிட்டான். ஓடிவந்தவன் இரண்டு கையுறையையும் கழற்றி என்னிடம் தந்தான்.

"மணம் தாங்கேலாது மிஸ்டர் பி. திங்கட்கிழமை பூக்கடை, இண்டைக்கு ஊறுகாய்க் கடை."

"தம்பி, வெறுங்கையோடயோ?"

"மூண்டு நாளாப் பாத்துக்கொண்டிருந்த கைதானே. இருக்கோ இல்லையோ எண்டு பாப்பம்."

வெறுங்கையோடு இரண்டு பந்து பிடித்தான். மூன்றாவதுதான் கதை. குவாட்டர்பேக் எறிந்த பந்து கோட்டுக்கு வெளியே போகிற மாதிரி வந்தது, நேரே என் பக்கம். மார்லோ அதற்குப் பின்னால் வந்தான். எங்கள் விதிப்படி பிடிக்கும்போது ஒரு கால் கோட்டுக்குள் பட்டால் போதும். அமெரிக்காவில்தான் இரண்டு கால் வேண்டும். ஒரு பெருவிரல் நுனியை உள்ளே ஊன்றி, மற்ற உடம்பு முழுவதையும் வெளியே எறிந்து, ஒற்றைக் கையால் பந்தைப் பறித்துக்கொண்டு, என் துவாய் வண்டிலுக்குள் தலைகீழாக விழுந்தான்.

வண்டில் கவிழ்ந்தது. நடுவர் ஓடிவந்தார். துவாய்க் குவியலுக்குள்ளிருந்து ஒரு கை மட்டும் வெளியே வந்தது, அதில் பந்து. நடுவர் பிடி சரி என்று சைகை காட்டினார். மார்லோ எழுந்து ஒரு துவாயை எடுத்து முகத்தைத் துடைத்தான்.

"ஸொஃப்ற்தான்" என்று சொல்லிவிட்டு ஓடினான்.

சனிக்கிழமை காலை ஐந்தே முக்காலுக்கு நான் கறுப்புப் பைகளை மடித்துக்கொண்டு நின்றேன். ரஸ்ஸின் தொடையில் கேள்விக்குறியோடு நாலு துண்டு இருந்தது. நான் நாலு பை கொண்டுவந்தேன்.

ரஸ் பைகளை எண்ணிப் பார்த்தார்.

"மூண்டு போதும்" என்றார்.

தொடையிலிருந்து ஒரு துண்டைக் கழற்றி, உருட்டி, குப்பைத் தொட்டிக்குள் சுண்டினார். பிறகு சட்டைக் கையிலிருந்த என் பெயரைக் கழற்றினார். அதை எறியவில்லை. மேசைக்குக் கீழே கிடந்த லவெண்டர் போத்தலில் அழுத்தித் தடவி ஒட்டினார். முக்காலியில் ஏறி, கதவுக்கு நேரே மேல்தட்டில் வைத்தார். "உது உதில இருக்கட்டும்" என்றார். பதின்மூன்று வருடம் அது அதில்தான் இருந்தது. புதிதாக வருகிறவர்கள் கேட்டால், ரஸ்ஸின் போத்தல், தொடக்கூடாது என்பேன்.

ஆறரைக்கு மார்லோ வந்தான். வாசலில் நின்று எட்டி, தன்னுடைய அலுமாரியைத் தூரத்திலிருந்து பார்த்தான். பை இல்லை. நேரே என்னிடம் வந்தான். என் கையைப் பிடித்து இரண்டு தரம் குலுக்கினான். போகும்போது ஏழாவது விதியைக் காட்டி, "இதை ஒருக்கா மாத்துங்கோ சேர்" என்றான். பேனாவை எடுத்து, கையுறை தவிர என்று எழுதினேன்.

இரண்டு பருவம் எங்களோடு விளையாடினான். பிறகு அமெரிக்கா கூப்பிட்டது. மிச்சத்தை ரீவியில் நீங்களே பார்த்திருப்பீர்கள். போகிற அன்று விடைபெற வந்தவன் மேல்தட்டைப் பார்த்து, ஒருமுறை மணந்து பார்க்க வேண்டும் என்றான். எடுத்துத் திறந்து காட்டினேன். "ஐயோ!" என்று தலையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டு சிரித்தான். தன் கைக்குட்டையில் நாலு துளி விடச் சொன்னான்.

"என்னத்துக்கு?"

"தலை கொஞ்சம் பெருத்தால் மணந்து பாக்க."

ரஸ் ஓய்வு பெற்று நியூஃபவுண்ட்லாந்துக்குத் திரும்பிவிட்டார். இந்த வருடம் பழைய துவைக்கும் இயந்திரங்களைக் கழற்றி, சவர்க்காரத்தைக் குழாயால் தானே அளந்து உறிஞ்சுகிற புதியவற்றைப் பூட்டினார்கள். மனிதன் கையால் எதையும் ஊற்ற அதில் இடமே இல்லை. நானும் போதும் என்று சொல்லிவிட்டேன். தட்டுகளைக் கழற்றும்போதுதான் அபி அந்தப் போத்தலை எடுத்து என்னிடம் தந்தாள்.

இவ்வளவையும் அவளுக்குப் போனில் சொன்னேன். கேட்டுவிட்டு, "பட் அங்கிள், வை? இவ்வளவு ஃபன்னி ஸ்ரோரி. அவர் ஏன் ரீவியில முழுசாச் சொல்லேல்லை?" என்றாள்.

நானும் இரண்டு நாள் அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். சொல்லியிருந்தால் மண்டபம் விழுந்து விழுந்து சிரித்திருக்கும். ஆனால் நான் ஓய்வு பெற்றது அவனுக்குத் தெரியாது. நான் இன்னும் அந்த அறையில், அந்த இயந்திரங்களுக்கு முன்னால் நிற்கிறேன் என்றுதான் நினைத்துக்கொண்டிருக்கிறான். ஒருத்தருக்கும் சொல்லமாட்டேன் என்றவன், என் வேலைக்கு ஆபத்து வராத அளவுக்கு ஒரே ஒரு சொல்லோடு நிறுத்திக்கொண்டான்.

இனி என்னை ஒருவரும் வேலையால் நிற்பாட்ட முடியாது. அதனால்தான் நானே எழுதிவிட்டேன்.

ஒருவரும் நிற்பாட்ட முடியாது என்று போன கிழமை வரைக்கும்தான் நினைத்தேன். ஓய்வில் இருக்கிற மனிதன் மனைவிக்கு உதவ வேண்டுமே என்று, திங்கட்கிழமை காலை வீட்டு உடுப்புக் கூடையைத் தூக்கிக்கொண்டு நிலக்கீழ் அறைக்குப் போனேன். துவைக்கும் இயந்திரத்தின் மூடியில், மலரின் கையெழுத்தில், ஒரு துண்டு வெள்ளை ரேப் ஒட்டியிருந்தது.

பரம்?

இன்றைக்கு ஆறாம் நாள். மலர் அதை இன்னும் கழற்றவில்லை.